வாசற்படியில் நின்ற தாய்: சுரேகா சிக்ரியின் நடிப்புக் கலை

திரைக்கலையில் துணைப் பாத்திரம் என்றொரு சொல் வழங்கி வருகிறது. கதையின் பெருந்திருப்பங்கள் தலைவனுக்கும் தலைவிக்கும் உரியவை. அவர்கள் காதலிப்பார்கள், பிரிவார்கள், ஊரைத் துறப்பார்கள். அவர்கள் போன பின்னும் வீட்டில் இருப்பவளுக்குத் துணைப் பாத்திரம் என்று பெயர். அடுப்பை மூட்டுவதும், விட்டுச் சென்ற பிள்ளையை வளர்ப்பதும், நள்ளிரவில் கதவு தட்டப்பட்டால் எழுந்து போய்த் திறப்பதும் அவள்தான். நம் இல்லங்களில் உம்மம்மாக்கள் வகித்துவந்த இடமும் இதுவே. குடும்ப வரலாற்றை எவரேனும் எழுதினால் வாப்பாக்களின் வாணிபமும் கடற்பயணமும் பக்கங்களை நிரப்பும். உம்மம்மாவுக்கு ஒரு வரி மிஞ்சினால் பெரிது.

அந்த ஒரு வரியையே தம் வாழ்நாள் கலையாகக் கொண்டவர் இந்தி நடிகை சுரேகா சிக்ரி. 2021 ஜூலை 16ஆம் நாள் மும்பையில் தம் 76ஆம் வயதில் அவர் மறைந்தபோது, செய்தித்தாள்கள் பலவும் அவரைத் தொலைக்காட்சித் தொடரின் பாட்டி என்றே அறிமுகம் செய்தன. தமிழகத்து மக்களும் அவரை அப்படித்தான் அறிவர். ராஜ் தொலைக்காட்சியில் ‘மண் வாசனை’ என்ற பெயரில் தமிழ்க் குரலோடு வந்த தொடரில், கண்டிப்பும் கடுஞ்சொல்லுமாக வீட்டை ஆண்ட ராஜஸ்தானத்து மூதாட்டி அவரே. அந்த முகத்தைப் பல ஆண்டுகள் பார்த்த நம் குடும்பங்களில் எத்தனை பேர் அவருடைய பெயரை அறிந்திருந்தனர்?

இலக்கியத் திங்களிதழில் ஒரு நடிகையைப் பற்றி எழுதலாமா என்ற வினா வாசகர் சிலரின் உள்ளத்தில் எழக்கூடும். எழுவது இயல்பே. திரைப்படத்தின் பெரும்பகுதி நமக்குப் பயன்படாதது என்பதில் நமக்கும் ஐயமில்லை. ஆனால் நம்மைப் பற்றி மற்றவர் கொண்டிருக்கும் எண்ணத்தில் பெரும்பகுதி அந்தத் திரையிலிருந்தே பிறக்கிறது என்பதையும் மறுப்பதற்கில்லை. முஸ்லிம் பெண் எப்படிப்பட்டவள், அவள் வீட்டுக் கதவுக்குப் பின்னால் என்ன நடக்கிறது என்பதைக் கோடிக்கணக்கான மக்கள் அங்கிருந்துதான் கற்றுக்கொண்டார்கள். அவ்வாறிருக்க, அந்தச் சித்திரத்தை நேர்மையாக வரைந்த ஒருவரின் பணியை எடைபோடுவது திறனாய்வாளனின் கடமையாகிறது.

அலிகரில் தொடங்கிய பயணம்

சுரேகா சிக்ரி 1945 ஏப்ரல் 19ஆம் நாள் தில்லியில் பிறந்தவர். தந்தையார் விமானப்படையில் பணியாற்றியவர், தாயார் ஆசிரியை. இமயமலைச் சாரலில் உள்ள அல்மோராவிலும் நைனிதாலிலும் இளமைக் காலம் கழிந்தது. பின்னர் அவர் பயின்றது அலிகர் முஸ்லிம் பல்கலைக்கழகத்தில். சர் சையது அகமது கான் 1875இல் நட்ட கல்விச் செடியின் நிழலில்தான், பிற்காலத்தில் முஸ்லிம் தாய்மார்களின் பேச்சையும் நடையையும் திரையில் நிலைநிறுத்தப்போகும் இந்தப் பெண் வளர்ந்தார். பிறப்பால் அவர் முஸ்லிம் அல்லர். ஆயினும் உருது மொழியின் ஒலி நயமும், ஒரு சொல்லை எங்கே அழுத்தி எங்கே விழுங்க வேண்டும் என்ற நுட்பமும் அவருடைய நாவில் இயல்பாக அமைந்திருந்தன. அலிகரின் கொடை அது என்று சொன்னால் மிகையாகாது.

அந்நாளில் தேசிய நாடகப் பள்ளியின் இயக்குநராக இருந்தவர் இப்ராகீம் அல்காசி. அரபு நாட்டுப் பெற்றோருக்குப் புனாவில் பிறந்து, இந்திய நாடகத்துக்குப் புதிய ஒழுங்கை வகுத்துத் தந்த பேராசான். 1962 முதல் 1977 வரை அவர் அப்பள்ளியை நடத்திய காலம் நம் நாட்டு நாடக வரலாற்றில் தனியொரு காலம். அவர் அலிகருக்குக் கொண்டுவந்த நாடகத்தைக் கண்ட பிறகே சுரேகாவின் உள்ளம் நடிப்பின்பால் சென்றதாகச் சொல்வர். நாடகப் பள்ளியில் பயின்று தேறிய பின், அப்பள்ளியின் நாடகக் குழுவிலேயே பத்தாண்டுகளுக்கும் மேலாக அவர் நடித்தார். அவருடைய நாடகப் பணிக்காக 1989இல் சங்கீத நாடக அகாதமி விருது கிடைத்தது.

திரைக்கு அவர் வந்தது 1978இல் வெளியான ‘கிஸ்ஸா குர்சி கா’ என்ற அரசியல் நையாண்டிப் படத்தின் வழியாக. நெருக்கடி நிலைக் காலத்தில் அழிக்கப்பட்டு, மீண்டும் எடுக்கப்பட்ட படம் அது. அப்போது அவர் முப்பது வயதைக் கடந்திருந்தார். கதாநாயகியாகும் பருவத்தைத் திரையுலகின் கணக்குப்படி கடந்துவிட்ட பிறகே அவர் அங்கே நுழைந்தார். ஆகவே தாயாகவும், மூத்த சகோதரியாகவும், பாட்டியாகவுமே அவருடைய திரை வாழ்க்கை அமைந்தது.

ராஜோ திறந்த கதவு

1988இல் தூர்தர்ஷனில் ‘தமஸ்’ ஒளிபரப்பாயிற்று. பீஷ்ம சாஹ்னி எழுதி 1975இல் சாகித்திய அகாதமி விருது பெற்ற நாவலைக் கோவிந்த் நிஹலானி தொலைக்காட்சிக்காகப் படமாக்கினார். 1947 பிரிவினைக்குச் சற்று முன் பஞ்சாபில் மூண்ட கலவரமே கதை. அதைத் தடைசெய்யக் கோரிய வழக்கு பம்பாய் உயர்நீதிமன்றத்துக்கும் உச்சநீதிமன்றத்துக்கும் சென்றது. இறுதியில் இரு மன்றங்களும் தடைவிதிக்க மறுத்தன. அந்தப் பெரும் படைப்பில் சுரேகா சிக்ரி ஏற்றது ராஜோ என்ற கிராமத்து முஸ்லிம் பெண்ணின் சிறிய வேடம்.

தேநீர்க் கடை நடத்திவந்த ஹர்நாம் சிங் என்ற முதிய சீக்கியரும் அவருடைய மனைவி பந்தோவும் உயிருக்கு அஞ்சி ஓடி வந்து ஒரு வீட்டுக் கதவைத் தட்டுகிறார்கள். அது முஸ்லிம் வீடு. ஆண்கள் வெளியே போயிருக்கிறார்கள். எங்கே? கொள்ளையடிக்க. வாசலில் நிற்பவர்களை உள்ளே விடுவதா, துரத்துவதா என்று முடிவு செய்ய வேண்டியவள் ராஜோ ஒருத்திதான்.

இந்த இடத்தில் வேறொரு நடிகையாயிருந்தால் கருணையின் உருவமாய்க் கண்ணீர் சொரிந்து கதவைத் திறந்திருப்பார். சுரேகா அப்படிச் செய்யவில்லை. அவருடைய ராஜோ தயங்குகிறாள். தன் ஆண்கள் திரும்பி வந்தால் என்ன ஆகும் என்ற அச்சம் அவள் முகத்தில் தெரிகிறது. மருமகளின் எதிர்ப்பும் இருக்கிறது. அவ்வளவையும் மனத்தில் போட்டுப் புரட்டிவிட்டு, வேறு வழியற்றவளைப் போல அவர்களை உள்ளே விடுகிறாள். நற்செயல் எவ்வளவு கனமானது, அதைச் செய்பவருக்கு அது எவ்வளவு ஆபத்தானது என்பதை அந்தத் தயக்கம் உணர்த்திவிடுகிறது.

வீட்டு ஆண்கள் கொள்ளைப் பொருளாக ஒரு பெட்டியைச் சுமந்து வருகிறார்கள். அது உள்ளே ஒளிந்திருக்கும் அதே முதியவர்களுடைய பெட்டி! பூட்டை உடைக்க முயலும்போது, உடைக்க வேண்டாம், சாவி இதோ என்கிறார் ஹர்நாம் சிங். கொள்ளையடித்தவனும் கொள்ளை கொடுத்தவனும் ஒரே கூரையின் கீழ் முகத்தோடு முகம் பார்க்கும் அந்தக் காட்சிக்கு நடுவே நிற்பவள் ராஜோ. பிறகு இருளோடு இருளாக அவர்களை வழியனுப்பும்போது, அவர்களுடைய நகைகளைத் திருப்பிக் கொடுக்கிறாள். அமானிதம் என்ற சொல்லை அவள் உச்சரிக்கவில்லை. ஆனால் அவள் செய்தது அதுதான். நம்மைச் சாராதவரே ஆயினும், அடைக்கலம் தேடி வந்தவருக்கு அடைக்கலம் அளித்து, அவருக்குப் பாதுகாப்பான இடத்தில் சேர்ப்பிக்குமாறு திருமறை பணிக்கிறது. எழுத்தறியாத அந்தப் பெண் அப்பணியை நிறைவேற்றினாள்.

இங்கே நாம் நம்மையே கேட்டுக்கொள்ள வேண்டிய கேள்வியொன்று உண்டு. நம்மவர் கையில் கோடரி இருந்ததை இந்தக் கதை மறைக்கவில்லை. ராஜோவின் கணவனும் மகனும் குற்றவாளிகளே. சமுதாயத்துக்கு நற்பெயர் வேண்டும் என்று விரும்புவோர், இதை ஏன் காட்ட வேண்டும் என்று வருந்தலாம். ஆனால் ஆண்களின் குற்றத்தை மறைத்திருந்தால் ராஜோவின் நெஞ்சுரமும் மறைந்தே போயிருக்கும். நம்மைப் புகழும் சித்திரத்தைப் பிறர் நம்புவதில்லை. உண்மை சொல்லும் சித்திரத்தில் ஒரு ராஜோ தென்படும்போது நம்புகிறார்கள். சிறந்த துணை நடிகைக்கான தேசிய விருது முதன்முறையாகச் சுரேகா சிக்ரிக்குக் கிடைத்தது இந்த வேடத்துக்காகத்தான். இரண்டு ஆண்டுகளுக்குப் பின் அதே விருது ‘புதிய பாதை’க்காக நம் மனோரமாவுக்குக் கிடைத்ததைத் தமிழ் வாசகர்கள் நினைவுகூர்வர்.

பயாஸி என்ற பாட்டி

‘சௌத்வீன் கா சாந்த்’, ‘மேரே மெஹபூப்’, ‘பாகீஸா’ போன்ற படங்கள் முஸ்லிம் வாழ்வைக் காட்டியபோது சரவிளக்குகளும் கவ்வாலியும் நவாபுகளும் நடனக் கூடங்களுமே முன்னின்றன. முஸ்லிம் பெண் என்றால் முகத்திரைக்குப் பின்னால் ஓர் அழகு, அல்லது சலங்கை கட்டிய ஒரு துயரம். சாதாரணக் குடும்பத்தின் வாடகைக் கவலையும் கதவடைத்த அழுகையும் திரைக்கு வர ‘கர்ம் ஹவா’ வரை காத்திருக்க வேண்டியிருந்தது. அந்தப் படத்தில் ஷௌகத் கைஃபி தொடங்கிவைத்த பணியைத் தொடர்ந்தவர் சுரேகா சிக்ரி.

பத்திரிகையாளர் காலித் முகமது தம் குடும்பப் பெண்களின் வாழ்வை அடிப்படையாக வைத்து எழுதிய மூன்று கதைகளை ஷியாம் பெனகல் படமாக்கினார்: ‘மம்மோ’ (1994), ‘சர்தாரி பேகம்’ (1996), ‘சுபைதா’ (2001). மூன்றிலும் சுரேகா உண்டு.

‘மம்மோ’வின் தலைவி ஃபரிதா ஜலால். பானிபட்டில் பிறந்து, பிரிவினையின்போது கணவனோடு பாகிஸ்தானுக்குப் போனவள் மம்மோ. கணவன் இறந்தபின் உறவினரால் விரட்டப்பட்டுப் பம்பாயில் உள்ள தங்கள் குடும்பத்தாரைத் தேடி வருகிறாள். அவளை ஏற்கும் சகோதரி பயாஸியாகச் சுரேகா. தாய் தந்தையில்லாத வீட்டில் பேரன் ரியாஸைத் தனியாக வளர்த்துவரும் மூதாட்டி. மம்மோ ஓயாமல் பேசுவாள், சிரிப்பாள், சண்டையிடுவாள். பயாஸி கேட்டுக்கொண்டிருப்பாள். கேட்பது போன்ற கடினமான நடிப்பு வேறொன்றில்லை. சகோதரியின் மீது அன்பும், சிறிய வீட்டில் இன்னொரு வயிறு வந்துவிட்டதே என்ற அங்கலாய்ப்பும், அப்படி எண்ணியதற்காக வெட்கமும் ஒன்றன்பின் ஒன்றாக அந்த முகத்தில் கடந்துபோகும். உறவினர் வந்து தங்கிய வீடுகளில் வளர்ந்த நமக்கு இந்த முகம் நன்கு பழக்கமானது.

மம்மோவின் அனுமதிக்காலம் முடிகிறது. கையூட்டுக் கொடுத்து நீட்டித்த நாட்களும் தீர்ந்துவிட, காவலர் வந்து அவளைக் கொண்டுபோய் ரயிலில் ஏற்றிவிடுகிறார்கள். ராஜோவின் வாசலுக்கு அடைக்கலம் தேடி மனிதர் வந்தனர். பயாஸியின் வாசலுக்கு அரசாங்கத்தின் ஆணை வருகிறது. உடன்பிறந்தவளுக்கு அடைக்கலம் தரவும் அவளால் இயலவில்லை. கோடு போட்டுப் பிரித்தவர்கள் எவரும் அந்த வாசலில் நிற்கவில்லை. இரண்டு கிழவிகள் நிற்கிறார்கள். இந்த வேடம் அவருக்கு இரண்டாம் முறையாகத் தேசிய விருதைத் தேடித் தந்தது.

ஏ.ஆர். ரஹ்மான் இசையமைத்த ‘சுபைதா’வில் அதே பயாஸியின் முந்திய வாழ்வைக் காண்கிறோம். மகள் சுபைதா நடிகையாக விரும்புகிறாள். தந்தை தடுத்து, மணம் முடித்து, பின்பு தம் கோபத்தின் பொருட்டே அந்த மணத்தை முறிக்கவும் செய்கிறார். மகள் வேறொருவரை நாடி, கைக்குழந்தையைத் தாயிடம் விட்டுச் செல்கிறாள். கணவனின் அதிகாரத்துக்கு எதிரே வாய் திறக்காத பயாஸி செய்தது ஒன்றே ஒன்று: அந்தக் குழந்தையை வாங்கி மடியில் வைத்துக்கொண்டாள். மகள் மறைந்தபின் வளர்ந்து வந்த பேரன் தாயின் கதையைத் தேடித் திரிந்து, இறுதியில் அவள் நடித்த ஒரேயொரு படச்சுருளைப் பாட்டியோடு சேர்ந்து பார்க்கிறான். தான் தடுக்கத் துணியாத அநீதியையும், தான் காத்துத் தந்த அமானிதத்தையும் ஒருங்கே நினைத்து அந்த மூதாட்டி அமர்ந்திருக்கும் காட்சி, தலைவியின் ஆடல் பாடல் அனைத்தையும் கடந்து நெஞ்சில் நிற்கிறது. பயாஸியை நல்லவளாக மட்டும் காட்டாமல், அவளுடைய மௌனமும் ஒரு குற்றமே என்று நாம் உணருமாறு நடித்தது சுரேகாவின் நேர்மை.

பேருந்தில் ஒரு முதிய தம்பதி

2002இல் அபர்ணா சென் இயக்கத்தில் வந்த ‘மிஸ்டர் அண்ட் மிசஸ் அய்யர்’ படத்தில் நஜ்மா என்ற முஸ்லிம் மூதாட்டியாகச் சுரேகா சில நிமிடங்களே வருகிறார். கணவரோடு பேருந்தில் செல்கிறாள். வெறிகொண்ட இந்துக் கும்பல் ஒன்று பேருந்தை மறித்து, முஸ்லிம்கள் யார் என்று தேடுகிறது. கைக்குழந்தையோடு பயணம் செய்யும் மீனாட்சி அய்யர் என்ற தமிழ்ப் பிராமணப் பெண், பக்கத்திலிருக்கும் முஸ்லிம் இளைஞனைத் தன் கணவன் என்று சொல்லிக் காப்பாற்றிவிடுகிறாள். முதிய தம்பதிக்கு அந்த வாய்ப்பில்லை. கும்பல் அவர்களைக் கொண்டுபோகிறது. அவர்கள் திரும்பி வருவதில்லை.

அந்த முதிய கணவராக நடித்தவர் யார்? பீஷ்ம சாஹ்னி. ‘தமஸ்’ நாவலை எழுதியவர். அதன் தொலைக்காட்சி வடிவில் ஹர்நாம் சிங்காகத் தாமே நடித்தவர். 1988இல் உயிருக்கு அஞ்சி ராஜோவின் கதவைத் தட்டிய அதே முதியவர், 14 ஆண்டுகளுக்குப் பின் அவளுடைய கணவராக அமர்ந்திருக்கிறார். அன்று அவர் சீக்கியர், இன்று முஸ்லிம். அன்று வெறியர் முஸ்லிம்கள், இன்று இந்துக்கள். அன்று கதவைத் திறக்க ஒரு ராஜோ இருந்தாள். இன்று அவளே அடைக்கலம் வேண்டுபவளாகி இருக்க, பேருந்து நிறைய மக்கள் இருந்தும் இவ்விருவருக்காக எழுந்து நிற்கும் கை போதவில்லை. இரு படங்களையும் அடுத்தடுத்துப் பார்ப்பவர்களுக்கு, மதவெறி எந்த ஒரு மதத்துக்கும் உரித்தான நோயல்ல என்பதை எந்தச் சொற்பொழிவும் இவ்வளவு தெளிவாக உரைக்காது. சாஹ்னி அடுத்த ஆண்டே, 2003இல் மறைந்தார்.

பெரும்புகழும் அதன் விலையும்

பெருந்திரளான மக்களிடம் சுரேகாவைக் கொண்டுசேர்த்தது 2008 முதல் 2016 வரை 2,000க்கும் மேற்பட்ட பகுதிகளாக ஒளிபரப்பான ‘பாலிகா வது’. தமிழில் நாம் கண்ட ‘மண் வாசனை’ அதுவே. குழந்தை மணத்தால் வந்த சிறுமி ஆனந்தியை அடக்கி ஆளும் கல்யாணி தேவியாக அவர் வந்தார். குறையையும் சொல்லியாக வேண்டும். ஒவ்வொரு சொல்லுக்கும் இடிமுழக்கமும், ஒரே முகத்தை மும்முறை காட்டும் வழக்கமும் கொண்ட தொடர் நாடகத்தில் அவருடைய நுட்பங்கள் பல அமிழ்ந்துபோயின. விழியை உருட்டும் மாமியார்க் கிழவி என்ற அச்சு அவர்மீது விழுந்தது. ஆயினும் அந்த அச்சுக்குள்ளும் அவர் ஒன்றைச் சாதித்தார். தானும் ஒரு காலத்தில் குழந்தை மணப்பெண்ணாயிருந்தவள் என்பதைக் கல்யாணி தேவி மெல்ல மெல்ல நினைவுகூர்கிறாள். பேரன் ஆனந்திக்குத் துரோகம் இழைத்தபோது, தன் இரத்தமான அவனை விலக்கி, ஆனந்தியையே வீட்டின் மகளாக ஏற்கிறாள். அநீதியிழைத்த சொந்தத்துக்கு எதிராகச் சாட்சி சொல்லும் துணிவு அது.

2018இல் வந்த ‘பதாய் ஹோ’வில், நடுவயதில் கருவுற்ற மருமகளைத் தானும் ஏசிவிட்டு, பிறகு உறவினர் கூடிய திருமண வீட்டில் அவளை இழிவாகப் பேசுவோரின் வாயை அடைக்கும் பாட்டியாக வந்தார். தன்னை நோயில் பேணியவள் யார் என்று அவர் கேட்கும் கேள்வி எந்த மதத்து வீட்டிலும் கேட்கத்தக்கது. மூன்றாம் தேசிய விருது அதற்காக. பக்கவாதத்தால் தாக்குண்டிருந்த அவர் 2019 டிசம்பரில் சக்கர நாற்காலியில் வந்து விருதைப் பெற்றபோது, அரங்கம் எழுந்து நின்றது.

2020இல் கொள்ளைநோயின் காரணமாக, 65 வயதைக் கடந்த கலைஞர் படப்பிடிப்புக்கு வரலாகாது என மராட்டிய அரசு விதித்தது. உழைத்து மானத்தோடு வாழவே விரும்புவதாகவும், பிறர் கையை எதிர்பார்க்க மனமில்லை என்றும் அவர் வெளிப்படையாகச் சொன்னார். மூன்று தேசிய விருது பெற்றவரின் நிலை அது. அந்த வயது விதியைப் பம்பாய் உயர்நீதிமன்றம் அதே ஆண்டு ஆகஸ்டில் நீக்கியது. ஆனால் அவருக்கு மீண்டும் பக்கவாதம் வந்தது. திரும்ப நடிக்கக் காலம் வாய்க்கவில்லை.

நமக்கு விட்டுச் சென்றது

சுரேகா சிக்ரியின் வேடங்களைத் தொகுத்துப் பார்த்தால் ஓர் உண்மை புலனாகிறது. உலகை மாற்றும் ஆற்றல் அவருடைய பெண்கள் எவருக்கும் இல்லை. ஆனால் ஒரு கணத்தில், ஒரு வாசலில், இவரை உள்ளே விடுவதா என்ற முடிவு அவர்கள் கையில் வந்து சேர்கிறது. ராஜோ திறந்தாள். பயாஸி திறந்தும் காக்க இயலவில்லை. நஜ்மாவுக்குத் திறப்பார் இல்லை. கல்யாணி தேவி அடைத்துவைத்துப் பின் திறந்தாள்.

முஸ்லிம் அல்லாத ஒருவர் நம் பெண்களை இவ்வளவு மெய்யாக நடித்துக்காட்டினார் என்று மகிழ்வதோடு நாம் நின்றுவிடலாகாது. அவருக்கு அந்தச் சொற்களைத் தந்தவர்கள் தம் வீட்டு மூதாட்டிகளை மறவாத எழுத்தாளர்கள். காலித் முகமது தம் குடும்பத்துப் பெண்களை எழுதியிராவிட்டால் பயாஸி இல்லை. தமிழில் தோப்பில் முஹம்மது மீரானின் நாவல்களும், சல்மாவின் ‘இரண்டாம் ஜாமங்களின் கதை’யும் நம் வீடுகளின் உட்புறத்தை எழுத்தில் காட்டிவிட்டன. தமிழ்த் திரையிலோ முஸ்லிம் குடும்பம் இன்னும் பெரும்பாலும் பெருநாள் விருந்துக்கும் தீவிரவாதக் கதைக்கும் மட்டுமே அழைக்கப்படுகிறது. நம் கடற்கரை ஊர்களில், கணவர் கடல்கடந்து போன வீடுகளில், அயல் வீட்டாரின் நகையையும் பத்திரத்தையும் நம்பிக்கையோடு வாங்கி வைத்துக் காத்த உம்மம்மாக்கள் எத்தனை பேர்! அவர்களின் கதையைக் கேட்டு எழுதிவைக்கும் வேலை அவர்கள் உயிரோடிருக்கும்போதே செய்யப்பட வேண்டியது.

அவர்களைக் கேட்காமல் விட்டுவிட்டு, திரை நம்மைத் தவறாகக் காட்டுகிறது என்று பிறகு குறைசொல்வதில் பொருளில்லை. இன்றிரவு வீட்டில் மூத்தவர் எவரேனும் இருந்தால் அவர் பக்கத்தில் அமர்ந்து, அந்நாளில் நம் வீட்டுக் கதவைத் தட்டி வந்தவர் யார் யார் என்று கேட்டுப் பாருங்கள்.